ஹல்லும் அக்தும்: பாலாற்றங்கரையில் உப்பின் வரலாறு

சமுதாயத்தின் பொதுக் காரியங்களைத் தீர்மானிக்கும் தகுதி படைத்த பெருமக்களை நம் அரசியல் நூல்கள் 'அஹ்லுல் ஹல்லி வல் அக்த்' என்று குறிப்பிடுகின்றன. இமாம் மாவர்தீ (ரஹ்) போன்றோரின் ஏடுகளில் இத்தொடரைப் பயின்றவர்கள் அதன் நேர்ப்பொருளை அறிவர். ஹல் என்பது அவிழ்த்தல். அக்த் என்பது முடிச்சிடுதல். இதே இரு சொற்களை இஸ்லாமிய உலகின் இரசாயன வல்லுநர்களும் தம் கலைச்சொற்களாகக் கையாண்டனர் என்பது அந்த அளவுக்கு அறியப்படாத செய்தி. அவர்களிடத்தில் ஹல் என்பது திடப்பொருளை நீரில் கரைத்தல். அக்த் என்பது கரைந்ததை மீண்டும் உறையச் செய்தல். இன்றைய அரபு மொழியில் 'தபல்வுர்' என்றும் தமிழில் 'படிகமாதல்' என்றும் வழங்கப்படும் நிகழ்ச்சி இந்த அக்தின் ஒரு வகையே ஆகும்.

இவ்விரு செயல்களில் முன்னது எளிது, பின்னது அரிது. வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, மேல்விஷாரம், இராணிப்பேட்டை என நீளும் நம் தோல் தொழில் வட்டாரத்தின் ஒரு நூற்றாண்டு வரலாற்றை இந்த ஒற்றை வேறுபாட்டைக் கொண்டே விளக்கிவிடலாம் என்பது எமது கருத்து. அதற்கு முதலில் நீரும் உப்பும் எவ்வாறு கூடுகின்றன, எவ்வாறு பிரிகின்றன என்பதைக் காண்போம்.

படிகம் உருவாகும் முறை

உப்புக் கல் ஒன்றை நீரில் இட்டால் அது மறைகிறது, அழிவதில்லை. சோடியம், குளோரைடு என்னும் மின்னேற்றம் பெற்ற துகள்களாகப் பிரிந்து, ஒவ்வொரு துகளையும் நீர் மூலக்கூறுகள் சூழ்ந்துகொள்கின்றன. இப்படிச் சூழ்ந்து நிற்க நீர் போதுமான அளவில் இருக்கும் வரை உப்பு கரைந்தே இருக்கும். நீர் குறையும்போது ஒரு கட்டத்தில் எல்லாத் துகள்களையும் தாங்கிக்கொள்ள அதனால் இயலாது போகிறது. இதனையே தெவிட்டிய நிலை என்கிறோம். அந்நிலையைக் கடந்ததும் துகள்கள் ஒன்றையொன்று பற்றி முதலில் நுண்ணிய கருவாகின்றன; பின்னர் அக்கருவின் மேல் அடுக்கடுக்காக அமர்ந்து கனசதுரக் கற்களாக வளர்கின்றன. நீர் மெல்லப் பிரிந்தால் கல் பெரிதாகும். விரைந்து பிரிந்தால் பொடியாகும்.

இவ்வளர்ச்சியில் ஒரு சிறப்பு உண்டு. படிகத்தின் அடுக்கு தன் இனத்துத் துகளையே பெரும்பாலும் ஏற்கும். பிறவற்றை வெளியே நீரிலேயே விட்டுவிடும். எனவே படிகமாதல் என்பது உறைதல் மட்டுமன்று; தூய்மையாதலும் ஆகும்.

சில படிகங்களில் நீர் முற்றிலும் விலகிச் செல்வதில்லை. அடுக்கின் அங்கமாகவே தங்கிவிடுகிறது. நாம் நன்கறிந்த படிகாரம் இதற்குச் சான்று. அதன் எடையில் ஏறத்தாழ 45 விழுக்காடு நீரே. சட்டியில் இட்டுச் சூடேற்றினால் அந்நீர் வெளியேறிப் படிகாரம் பொரிந்து வெண்ணுரை போலாவதை நாட்டு மருத்துவர்கள் அறிவர். சமையல் உப்பின் அடுக்கில் இவ்வாறு நீர் இல்லை. ஆயினும் கல்லுப்பை நெருப்பில் போட்டால் வெடித்துச் சிதறுகிறது. வளரும்போது கல்லின் இடுக்குகளில் சிறைப்பட்ட உவர்நீர்த் துளிகள் ஆவியாகிப் பிளப்பதே அதற்குக் காரணம்.

முன்னோர் கண்ட முறைகள்

ஜாபிர் பின் ஹய்யான் பெயரால் வழங்கும் ஏடுகளிலும், ஹிஜ்ரி 313-இல் (கி.பி. 925) மறைந்த அபூபக்கர் அர்ராஸீயின் 'கிதாபுல் அஸ்ரார்' நூலிலும் கரைத்தலும் உறையச் செய்தலும் செய்முறைகளாக விளக்கப்பட்டுள்ளன. ராஸீ கனிமப் பொருள்களை ஆறு வகையாகப் பிரித்தபோது உப்புகளைத் தனியொரு வகையாக நிறுத்தியது கருதத்தக்கது. அவர்களுக்குப் பின் வந்த அபூரைஹான் அல்பீரூனீ (கி.பி. 973–1048) மணிகளைப் பற்றிய தம் 'கிதாபுல் ஜமாஹிர்' நூலில் படிகத்தையும் ஆராய்ந்தார்.

எனினும் நம் பொருளுக்கு மிக நெருங்கியவர் சிரியாவைச் சேர்ந்த நஜ்முத்தீன் ஹஸன் அர்ரம்மாஹ் ஆவார். ஹிஜ்ரி 694 (கி.பி. 1295) அளவில் மறைந்த இவர், போர்க்கலை பற்றிய தம் நூலில் வெடியுப்பைத் தூய்மையாக்கும் முறையைப் படிப்படியாக எழுதி வைத்துள்ளார். மண்ணிலிருந்து கிடைத்த வெடியுப்பு பல உப்புகளின் கலவை. அதனை நீரில் கரைத்துக் காய்ச்சி, மரச் சாம்பலைச் சேர்த்து, தேவையற்ற சுண்ணாம்பு, மக்னீசிய உப்புகளை அடியில் படியவிட்டு, தெளிந்த நீரை வேறு பாத்திரத்திற்கு மாற்றி ஆறவிடுவதே அம்முறையின் சாரம். ஆறும்போது வெடியுப்பு படிகமாக இறங்குகிறது.

இது நிகழ்வதற்கான காரணம் எளியது. 100 கிராம் கொதிநீர் ஏறத்தாழ 245 கிராம் வெடியுப்பைக் கரைத்து வைத்திருக்கும். அதே நீர் 20 பாகை வெப்பத்திற்கு ஆறினால் 32 கிராமை மட்டுமே தாங்கும், எஞ்சியது படிகமாகிவிடும். சமையல் உப்போ இதற்கு மாறானது. குளிர்ந்த நீரில் 36 கிராம் கரையும். கொதிநீரிலும் 39 கிராம் அளவே கரையும். ஆகவே வெடியுப்பை ஆறவைத்துப் பிரிக்கலாம். சமையல் உப்பைப் பிரிக்க நீரையே ஆவியாக்கி விரட்டியாக வேண்டும். இவ்வேறுபாட்டை வாசகர்கள் நினைவில் இருத்திக்கொள்ள வேண்டுகிறோம். ஆம்பூரின் கதையில் இது மீண்டும் வரும்.

உப்பளத்திலிருந்து தோல் மண்டிக்கு

உப்பை உறையச் செய்யும் பெரும்பணியைத் தமிழகக் கடற்கரையில் கதிரவன் கூலியின்றிச் செய்கிறான். தூத்துக்குடி, வேதாரண்யம், மரக்காணம் ஆகிய இடங்களின் பாத்திகளில் கடல்நீர் படிப்படியாக வற்றும்போது முதலில் சுண்ணாம்பும், அடுத்து ஜிப்சமும், அதன் பின்னரே உப்பும் படிகின்றன. இறுதியில் எஞ்சும் கசப்பான மக்னீசிய நீரை உப்பளத் தொழிலாளர் வடித்துவிட்டு உப்பை வாருகின்றனர். ஒரே நீரில் கலந்திருந்தவை தத்தம் முறை வந்ததும் பிரிந்து இறங்குவதைப் பாத்திகளில் கண்ணாரக் காணலாம்.

அங்கிருந்து உப்பு தோலுக்கு வருகிறது. உரித்த தோல் நம் வெயிலில் சில மணி நேரத்திலேயே அழுகத் தொடங்கும். அதன் மேல் உப்பைத் தூவினால், உப்பு தோலின் ஈரத்தை உறிஞ்சித் தான் கரைகிறது. நீரிழந்த தோலில் கிருமிகள் பெருக இயலாது. பச்சைத் தோலின் எடையில் ஏறத்தாழ 40 விழுக்காடு அளவுக்கு உப்பிடுவது வழக்கம். இவ்வாறு உப்பிட்ட தோல்கள் தொலைதூர ஊர்களிலிருந்தும் சென்னை பெரியமேட்டு மண்டிகளிலிருந்தும் நம் வட்டாரத்திற்கு வந்து சேர்ந்தன, இன்றும் வருகின்றன.

உப்பிட்ட தோல் பதப்பட்ட தோலாகுமா என்னும் வினாவை நம் ஃபிக்ஹு மேதைகள் நுணுகி ஆராய்ந்துள்ளனர். தோலில் எஞ்சிய ஊனையும் ஈரத்தையும் காரத்தன்மையுள்ள பொருளால் நீக்குவதே பதனிடுதல், வெயிலும் மண்ணும் போதா என்பது இமாம் நவவீ (ரஹ்) அவர்களின் 'மின்ஹாஜ்' வழியாக நாம் அறியும் ஷாஃபியீ மத்ஹபின் நிலைப்பாடு. அதன் விரிவுரையாளர்கள் உப்பிடுதலையும் போதாதவற்றோடு சேர்த்தனர். அவர்கள் காட்டிய காரணம் வியப்புக்குரியது. உப்பிட்ட தோலில் கழிவு நீங்கவில்லை, உறைந்துதான் கிடக்கிறது. மீண்டும் நீரில் ஊறவைத்தால் அழுகல் திரும்பிவிடுவதே அதற்குச் சான்று என்றனர். ஹனஃபீ மத்ஹபினரோ கெடுதலைத் தடுக்கும் எதுவும் பதனிடுதலே என்று கொண்டு வெயிலில் உலர்த்தலையும் ஏற்றனர். ஆயினும் அவ்வாறு உலர்ந்தது மறுபடி நனைந்தால் அசுத்தம் திரும்புமா என்ற வினாவை அவர்களும் எழுப்பி விவாதித்தனர். இரு சாராரும் நீரையே சோதனைக் கல்லாகக் கொண்டனர் என்பதை இங்கு நோக்க வேண்டும்.

பதனிடும் பொருள்களுக்கு எடுத்துக்காட்டாகக் கருவேல இனத்தைச் சேர்ந்த 'கரழ்' காயையும் 'ஷப்' எனும் படிகாரத்தையும் அவர்கள் குறித்தனர். ஷப் என்னும் சொல்லின் இறுதி எழுத்துக்குக் கீழே ஒரு புள்ளியா, மேலே மூன்று புள்ளிகளா, அதாவது அது படிகாரமா அல்லது 'ஷஸ்' என்னும் கசப்புச் செடியா என்று அறிஞர்கள் வாதிட்டதைப் பாடம் பயின்றோர் அறிவர். நம் வட்டாரத்தில் அந்த இடத்தை ஆவாரம்பட்டையும் கடுக்காயும் வகித்தன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆல்ஃபிரட் சாட்டர்டன் சென்னையில் நடத்திய சோதனைகளால் குரோம் பதனிடுமுறை அறிமுகமாயிற்று. 1970-களில் அரசு அரைப் பதனிட்ட தோல் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தி, முழுமையாகப் பதனிட்ட தோலையும் காலணி போன்ற பொருள்களையும் ஊக்குவித்தது. அதன் பயனாய்த் தொழில் பெருகியது. நீர்த் தேவையும் இரசாயனப் பயன்பாடும் உடன் பெருகின.

கரைந்த உப்பு சென்ற இடம்

தோல் எந்த முறையில் பதனிடப்பட்டாலும் முதற்பணி அதனை நீரில் ஊறவைத்து உப்பை வெளியேற்றுவதே. பின்னர் சுண்ணாம்பு நீக்கம் முடிந்து அமிலத்தில் இடும்போது, தோல் உப்பிவிடாமல் காக்க மீண்டும் உப்புச் சேர்க்கப்படுகிறது. கந்தக அமிலமும் குரோமிய உப்பும் சல்பேட்டைக் கொண்டுவருகின்றன. இவை யாவும் கரைந்த நிலையில் கழிவுநீரோடு வெளியேறுகின்றன.

கரைந்துள்ள மொத்த உப்புகளுக்கு, வெளியேற்றப்படும் கழிவுநீரில் லிட்டருக்கு 2,100 மில்லிகிராம் என்னும் எல்லையை விதித்துள்ளனர். ஒரு கிலோ உப்பு ஏறத்தாழ 475 லிட்டர் தூய நீரை அந்த எல்லைக்குக் கொண்டுசென்றுவிடும் என்பது எளிய கணக்கு. அதே ஒரு கிலோ தெவிட்டிய உவர்நீராக இருந்தால், அதனைத் திரும்பப் பெற மூன்று லிட்டருக்கும் குறைவான நீரை ஆவியாக்கினால் போதும். கல்லாகவே இருந்திருந்தால் ஒரு துளி நீரையும் ஆவியாக்க வேண்டியதில்லை; கையால் அள்ளிவிடலாம்.

பாலாறு ஆண்டின் பெரும்பகுதி வறண்ட மணற்பரப்பு. அதன் செல்வம் மணலுக்கடியில் உள்ள ஊற்று. வற்றாத ஆறாயின் உப்பைக் கடலுக்குக் கொண்டுசேர்த்திருக்கும். பாலாற்றுப் படுகையிலோ அது நிலத்தடி நீரில் தங்கிவிட்டது. கிணற்று நீரை வயலுக்குப் பாய்ச்சினால் பயிரும் வெயிலும் நீரை மட்டும் எடுத்துக்கொள்கின்றன. உப்பு மண்ணில் எஞ்சுகிறது. உப்பளத்தில் நிகழும் அதே படிகமாதல் இங்கு நெல் வயலிலும் தென்னந்தோப்பிலும் நிகழ்ந்தது. வரப்போரங்களில் வெள்ளை பூத்தது. சோடியம் மிகுந்த களிமண் இறுகிக் காற்றும் நீரும் புகாமல் போயிற்று. மண்ணீர் உவர்ப்பானதால் வேர்கள் நீரை உறிஞ்ச இயலாமல், ஈரமிருந்தும் பயிர் வாடியது.

வேலூர் குடிமக்கள் நல அமைப்பு 1991-இல் உச்ச நீதிமன்றத்தை அணுகியதன் பின்னணி இதுவே. 1996 ஆகஸ்ட் 28-இல் நீதியரசர் குல்தீப் சிங் தலைமையிலான அமர்வு வழங்கிய தீர்ப்பு, இந்தியச் சுற்றுச்சூழல் சட்ட வரலாற்றில் ஒரு மைல்கல். தோல் தொழில் வட்டாரத்தில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் முழுமையாகவோ ஓரளவோ பயிரிடத் தகுதி இழந்தது என்ற வேளாண் பல்கலைக்கழக ஆய்வு மையத்தின் கணிப்பை அத்தீர்ப்பு எடுத்துரைத்தது. முன்னெச்சரிக்கைக் கொள்கையும், மாசுபடுத்தியவரே ஈடுசெய்ய வேண்டும் என்ற கொள்கையும் நம் நாட்டுச் சட்டத்தின் பகுதிகள் என்று அது அறிவித்தது. ஆதாயம் எவருக்கோ இழப்பின் சுமையும் அவருக்கே என்னும் கருத்துள்ள விதியை உஸ்மானியப் பேரரசின் 'மஜல்லா' சட்டத் தொகுப்பில் பயின்ற நமக்கு இக்கொள்கை புதிதன்று.

மீட்கும் முயற்சி

1990-களில் ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டை முதலிய இடங்களில் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் எழுந்தன. அழுகும் பொருளை நுண்ணுயிர்களைக் கொண்டு சிதைக்கவும், குரோமியத்தை வண்டலாகப் படியவைக்கவும் அவற்றால் இயன்றது. ஆனால் சமையல் உப்பை எந்த நுண்ணுயிரும் உண்பதில்லை. எளிய இரசாயனம் எதுவும் அதனைப் படியவைப்பதுமில்லை. தெளிந்த, நாற்றமற்ற, ஆனால் உவர்ப்பான நீர் தொடர்ந்து வெளியேறியது. கண்ணுக்குத் தெரிந்த மாசு குறைந்தது; காணாத மாசு எஞ்சியது.

2000-களின் பிற்பாதி முதல் ஒரு சொட்டுக் கழிவுநீரும் வெளியேறலாகாது என்ற முறைக்கு நிலையங்கள் மாறலாயின. எதிர்சவ்வூடு முறையில் பெரும்பகுதி நீர் தூய நீராக மீட்கப்படுகிறது. மிஞ்சும் அடர்ந்த உவர்நீர், ஒன்றன் ஆவியால் அடுத்ததைச் சூடாக்கும் தொடர் கொதிகலன்களில் காய்ச்சப்படுகிறது. தொடர் அமைப்புக்குக் காரணம் உண்டு. அறை வெப்பத்திலுள்ள ஒரு லிட்டர் நீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவரத் தேவைப்படும் வெப்பத்தைப் போல் ஏழு மடங்குக்கும் மேல், அதனை ஆவியாக்கத் தேவைப்படுகிறது. தூத்துக்குடியில் கதிரவன் இலவசமாகச் செய்ததை இங்கு எரிபொருள் செலவழித்துச் செய்யவேண்டியுள்ளது.

இவ்வளவுக்குப் பின் கிடைப்பதும் தூய உப்பன்று. குளோரைடும் சல்பேட்டும் கரிமக் கழிவின் எச்சமும் கலந்த மங்கல் நிறக் குவியல். அதனை உண்ணவும் இயலாது, நிலத்தில் கொட்டவும் இயலாது. மழையில் நனைந்தால் மீண்டும் கரைந்து பழைய வழியே ஓடிவிடும் என்பதால் கூரையின் கீழ் காக்க வேண்டியுள்ளது.

இங்குதான் ஹஸன் அர்ரம்மாஹின் பாத்திரம் நினைவுக்கு வருகிறது. சோடியம் சல்பேட்டு வெடியுப்பைப் போன்றது. 100 கிராம் நீரில் 32 பாகை வெப்பத்தில் ஏறத்தாழ 50 கிராம் கரையும் அது, உறைநிலையில் 5 கிராம் அளவே கரையும். ஆகவே கலந்த உவர்நீரைக் குளிரூட்டினால் சல்பேட்டு, தன் எடையில் பாதிக்கும் மேலான நீரைத் தன்னுள் கொண்ட படிகமாக இறங்கிவிடும். சமையல் உப்பு நீரில் நிற்கும். பின்னர் அதனைக் காய்ச்சித் தனியே எடுக்கலாம். ஏழு நூற்றாண்டுகளுக்கு முன் சிரியாவில் எழுதப்பட்ட நெறியே, குளிரூட்டும் இயந்திரத்தின் துணையோடு, பிரித்தெடுத்த உப்பை மறுபடி தொழிலிலேயே பயன்படுத்த வழிதிறக்கிறது. அதற்குரிய செலவு மட்டும் சிறிதன்று.

அமானிதம்

இவ்வரலாறு நமக்கு அயலாருடையதன்று. தோல் வணிகரான காகா முஹம்மது உமர் 1924-இல் நிறுவியதே உமராபாத் ஜாமிஆ தாருஸ்ஸலாம். வாணியம்பாடியில் 1919-இல் எழுந்த இஸ்லாமியாக் கல்லூரியின் வளர்ச்சியில் தோல் வணிகர்களின் கொடை கலந்துள்ளது. மேல்விஷாரத்தில் 1965-இல் தொடங்கிய கல்லூரி, தோல் வணிகத்தால் உயர்ந்த வள்ளல் சி. அப்துல் ஹக்கீமின் பெயரைத் தாங்கி நிற்கிறது. அரபு மொழியைக் கற்பிக்கும் நம்மைப் போன்றோரின் விரிப்பும் விளக்கும் இத்தகைய கொடைகளின் நிழலில் அமைந்தவை. அக்கொடையாளர்களின் நன்மையை நாம் குறைத்து மதிப்பதற்கில்லை. அதே தொழிலில் கூலிக்கு உழைத்தோரும், அதன் நீரால் கிணறிழந்த உழவரும் பெற்ற பங்கு என்ன என்று வினவாமல் இருப்பதற்கும் இல்லை. அவர்களுள் எல்லாச் சமயத்தவரும் உள்ளனர்.

2015 ஜனவரி இறுதியில் இராணிப்பேட்டை சிப்காட்டில் சுத்திகரிப்பு நிலையத்தின் கழிவு வண்டல் தொட்டி உடைந்து 10 பேர் உயிரிழந்தனர். 2025 ஜனவரி 30-இல் உச்ச நீதிமன்றத்தில் நீதியரசர்கள் பர்திவாலா, மகாதேவன் ஆகியோரின் அமர்வு, பாலாற்றுப் படுகையில் பாதிக்கப்பட்டோருக்கு 2001, 2009 ஆகிய ஆண்டுகளில் தீர்மானிக்கப்பட்ட ஈட்டுத்தொகை இன்னும் எஞ்சியிருப்பின் அரசு அதனை வழங்கிவிட்டு மாசுபடுத்தியோரிடம் வசூலிக்க வேண்டும் என்று ஆணையிட்டது. ஓய்வுபெற்ற உயர்நீதிமன்ற நீதிபதியின் தலைமையில் கண்காணிப்புக் குழு அமைக்கவும் பணித்தது. 1991-இல் எழுந்த வழக்கின் நிழல் ஒரு தலைமுறை கடந்தும் நீங்கவில்லை என்பதையே இது காட்டுகிறது.

கொதிகலனும் குளிரூட்டியும் தேவையே. எனினும் மலிவான வாய்ப்பு அவற்றுக்கு முன்னரே உள்ளது. தோல் நீரைத் தொடும் முன்பு, அதன் மேல் உலர்ந்து ஒட்டியிருக்கும் உப்பைச் சட்டத்தின் மீது அடித்தோ சுழல் பீப்பாயில் இட்டோ உதிர்த்துவிடலாம். அவ்வாறு உதிர்ந்த ஒவ்வொரு கிலோவும் நூற்றுக்கணக்கான லிட்டர் நீரைக் காக்கிறது. இறைச்சிக் கூடத்திற்கும் பதனிடும் கூடத்திற்கும் இடையே உள்ள காலத்தைக் குறைத்துப் பச்சைத் தோலையே குளிரூட்டிக் கொண்டுவந்தால் அந்த உப்பும் தேவைப்படாது. உப்பைக் குறைத்துத் தோலைக் காக்கும் வழிகளைச் சென்னை அடையாற்றில் உள்ள மத்தியத் தோல் ஆராய்ச்சி நிலையம் நெடுங்காலமாக ஆய்ந்து வருகிறது. இவை நுட்பத்தால் அரியவை அல்ல. நாள்தோறும் மேற்பார்வையும் மனவுறுதியும் வேண்டுபவை.

நம் ஊர்களின் ஜமாஅத்துகளிலும் தொழில் சங்கங்களிலும் அவிழ்க்கவும் முடியவும் அதிகாரம் பெற்றோர் இன்றும் உள்ளனர். உப்பு கல்லாக இருக்கும்போதே கையில் எடுப்பதா, கரையவிட்டு எரிபொருளால் மீட்பதா, மீட்காமல் அடுத்த தலைமுறையின் கிணற்றில் விடுவதா என்பது அவர்கள் முன்னுள்ள கேள்வி. ஜமாஅத்துக் கூட்டங்களில் இதனை ஒரு பொருளாக எடுத்து விவாதிக்கும் நாள் விரைவில் வரவேண்டும் என்று விழைகிறோம். பாலாற்று ஊற்று நமக்கு முன்னோர் விட்டுச்சென்ற அமானிதம். அதனைப் பெற்ற சுவையிலேயே திருப்பித் தர வேண்டிய கடமை நம்முடையது.